வாய் தைத்த பைகள்

"புதுக் கோட்டு சார். பையைக்கூட இன்னும் பிரிக்கலை, பாருங்க."

இன்ஸ்பெக்டர் அந்தக் கறுப்புக் கோட்டை எங்கள் மேஜைமேல் விரித்துப் போட்டுவிட்டு, கேஸ் முடிந்த தெம்பில் நாற்காலியில் சாய்ந்தார். நான் டீ போட்டுக் கொடுத்தேன். முடிந்துபோன கேஸை எதற்கு எங்கள் ஆபீஸுக்குத் தூக்கிக்கொண்டு வந்தீர்கள் என்று கேட்க நாக்கு துறுதுறுத்தது. கேட்டிருந்தால் கோபித்துக்கொண்டு எழுந்து போயிருப்பார், கோட்டும் கூடவே போயிருக்கும். அதனால் சர்க்கரை போதுமா என்று மட்டும் கேட்டேன்.

விஷயம் இதுதான். முந்தாநாள் சாயங்காலம் கடைத்தெரு முனையிலிருக்கும் மருந்துக்கடைக்குள் எவனோ புகுந்து, ஷட்டர் இழுக்கிற இரும்புக் கம்பியை எடுத்துக் கடைக்காரர் மண்டையில் போட்டுவிட்டான். கல்லாவில் கை வைக்கவில்லை. ஒரு மாத்திரை அட்டைகூடக் காணாமல் போகவில்லை. வெளியே பாய்ந்தபோது ஷட்டர் கொக்கியில் கோட்டு மாட்டிக்கொண்டிருக்கிறது. அதைக் கழற்றி உதறிவிட்டு ஓடிவிட்டான். கடைக்காரர் ஆஸ்பத்திரியில் கிடக்கிறார். தலை தப்பியது தம்பிரான் புண்ணியம், ஆனால் இன்னும் பேச்சு வரவில்லை.

இன்ஸ்பெக்டர் கண்ணில் பட்டது கோட்டின் பைகள். எல்லாப் பையின் வாயும் தைத்திருந்தது. கடையில் விற்கிற புதுக் கோட்டுகளில் பை வாயைத் தைத்துத்தான் அனுப்புவார்கள், வாங்கினவர் வீட்டுக்குப் போய்ப் பிரித்துக்கொள்வார். ஆகவே சமீபத்தில் கறுப்புக் கோட்டு வாங்கினவன் யார் என்று தேடினார். மருந்துக்கடையில் டெலிவரிக்குப் போகிற ஆள் அப்போதுதான் ஒன்று வாங்கியிருந்தார். எங்கே அது என்றால், பஸ்ஸில் மறந்துவிட்டேன் என்று அவர் சொல்லியிருக்கிறார். பாவம், உண்மையைச் சொன்னால் யார் நம்புகிறார்கள். தூக்கி உள்ளே வைத்துவிட்டார்கள். நாளைக் காலையில் கோர்ட்டு. அவருடைய மனைவிதான் எங்களைத் தேடி வந்தவர். வந்ததிலிருந்து எனக்குப் போன் பண்ணி அழுதுகொண்டே இருக்கிறார்.

எங்கள் சார் ஒரு காலத்தில் இன்ஷூரன்ஸ் கம்பெனியில் பொய் சொல்கிறவர்களைக் கண்டுபிடித்துக்கொண்டிருந்தவர். இப்போது சொந்தமாகத் துப்பறிகிறார். முழங்கால் வலி உண்டு. கோபப்படத் தெரியாது. அந்தக் குறை ஆபீஸுக்கு வந்துவிடக் கூடாது என்றுதான் என்னை வைத்திருக்கிறார் என்று நினைக்கிறேன். எனக்கு நல்ல பெயர் ஒன்று இருக்கிறது, ஆனால் சாரிலிருந்து டீத்தூள் கடைக்காரர் வரை வாயாடி என்றுதான் கூப்பிடுகிறார்கள்.

"வாயாடி, இந்தப் பையில என்ன வச்சுக்கலாம்?" என்றார் சார்.

"விரல்கூட வைக்க முடியாது சார். வாயைத் தச்சிருக்கே. எனக்கும் இப்படி ஒண்ணு போடணும்னு எங்க வீட்டுக்காரர் ரொம்ப நாளா சொல்லிக்கிட்டிருக்கார்."

"முழங்கையைப் பாரு."

பார்த்தேன். துணி தேய்ந்து பளபளவென்றிருந்தது. காலரின் உள்பக்கம் கழுத்து உரசி உரசி வெளுத்திருந்தது. இன்ஸ்பெக்டரின் டீ கிளாஸ் வாய்க்குப் போகாமல் பாதியில் நின்றது.

"பழைய கோட்டா?" என்றார். "அப்ப இத்தனை நாளா பையே இல்லாமலா போட்டுக்கிட்டுத் திரிஞ்சான்?"

"அதான் எனக்கும் புரியலை." சார் கோட்டை ஜன்னல் பக்கம் திருப்பினார். "கடையில போடற தையல் நாலே நாலு ஓட்டுத் தையல்தான், இழுத்தா கையோட வந்துடும். இது ரெட்டை நூல். கோட்டுக் கலருக்கே நூல் தேடி எடுத்துப் பொடிப்பொடியாத் தச்சிருக்காங்க. உள் பைகூட விடலை. பக்கத்துலயே பழைய ஊசி ஓட்டை, பாருங்க. இங்க துணி கிழிஞ்சு ஒட்டுப் போட்டிருக்கு. ஒருத்தன் பையைக் கிழிச்சிருக்கான். ஒருத்தர் தச்சிருக்காங்க. அவன் மறுபடி கிழிச்சிருக்கான், அவங்க மறுபடி தச்சிருக்காங்க."

"பொண்டாட்டியா இருக்கும் சார்."

"பொண்டாட்டியா இருந்தா பையைத் துழாவுவா. தைக்க மாட்டா. இதுல எதையாவது வச்சு எடுத்துக்கிட்டுப் போயிடுவானோன்னு பயந்து தச்சிருக்காங்க. வெளிய போகாதேன்னு தடுக்க முடியலை. குளிர்ல கோட்டு இல்லாம அனுப்பவும் மனசு வரலை."

எனக்குச் சுரீரென்றது. "அம்மா," என்றேன்.

சார் தலையாட்டினார். இன்ஸ்பெக்டர் கிளாஸைக் கீழே வைத்துவிட்டு, சாயங்காலத்துக்குள் கோட்டு ஸ்டேஷனில் இருக்க வேண்டும் என்று மட்டும் சொல்லிவிட்டுப் போனார். தப்பு செய்துவிட்டோம் என்று தெரிந்ததும் வாயை மூடிக்கொள்கிற ஆள் அவர். அந்த வரையில் நல்ல மனுஷன்.

*

தொழிலாகத் தைக்கிற கை என்பது தெரிந்துவிட்டது. கோட்டில்லாமல் அந்தக் குளிரில் ஓடினவன் ரொம்ப தூரம் போயிருக்க மாட்டான் என்று சார் கணக்குப் போட்டார். ஆக, கடைத்தெருவைச் சுற்றி உள்ள தையல் கடைகள். ஆனால் போய் நின்று "இதைத் தச்சது நீங்களா?" என்று கேட்டால் யார் ஆமாம் என்பார்கள்?

"அப்படிக் கேட்காதே," என்றார் சார். "இந்தப் பையெல்லாம் பிரிச்சுக் கொடுங்கன்னு கேளு. சும்மா ஒரு கோட்டா நினைக்கிறவங்க உடனே பிரிச்சுடுவாங்க. தச்சவங்களுக்குக் கை வராது."

"உடனே பிரிச்சுட்டா சாட்சி போச்சே சார்?"

"அதுக்குத்தானே உன்னைக் கூட்டிக்கிட்டுப் போறேன்."

முதல் கடையில் நான் சொல்லி முடிக்கும் முன்பே அந்த மனுஷன் மேஜையில் கிடந்த கத்திரியை எடுத்து நூலுக்கடியில் விட்டுவிட்டார். "ஐயோ அண்ணே, இது எங்க மாமனார் கோட்டு, தப்பா எடுத்துட்டு வந்துட்டேன்" என்று பிடுங்கிக்கொண்டு ஓடிவந்தேன். அடுத்த கடையில் புருஷனும் பெண்டாட்டியும் உள்ளே சண்டை போட்டுக்கொண்டிருந்தார்கள். புருஷன் பிரிக்க அரை மணி ஆகும் என்றார், பெண்டாட்டி இரண்டு நிமிஷம்தான் என்றாள். அதிலேயே புதுச் சண்டை பிறந்தது. மெதுவாகக் கோட்டைச் சுருட்டிக்கொண்டு நழுவினேன்.

"நாலு கடை ஏறி இறங்கினா ஊரே என்னைப் பைத்தியம்னு முடிவு கட்டிடும் சார்."

"இனிமேலா கட்டப் போறாங்க?" என்றார் சார், முழங்காலைத் தேய்த்தபடி. அவருக்கும் எப்போதாவது வாய் திறக்கும்.

மூன்றாவது, ஒரு பெரிய கடைக் கட்டடத்தில், தரைக்குக் கீழே உள்ள தளத்தில், படிக்கட்டுக்கடியில் இருந்தது. ஒரு மெஷின், ஒரு டியூப்லைட், அளவு பார்க்க ஒரு மூலையை மறைத்துத் தொங்கவிட்ட திரைச்சீலை, அவ்வளவுதான் கடை. சுருக்குவது, பிரிப்பது, ஜிப் மாற்றுவது மாதிரி வேலைகள். எல்லோரும் ஆல்டரேஷன் அக்கா என்று கூப்பிடுகிற பெண் மெஷினில் உட்கார்ந்திருந்தார். ஐம்பது வயது இருக்கும். நான் நின்றபோது நூலைப் பல்லால் கடித்து அறுத்துக்கொண்டிருந்தார். தையல் கடையில் கத்திரி கண்ணில் படவே இல்லை. மெஷினுக்குப் பக்கத்தில் பூட்டுப் போட்ட ஒரு தகர டப்பா மட்டும் இருந்தது.

"அக்கா, இந்தக் கோட்டுல பையெல்லாம் பிரிச்சு விடணும்."

அவர் கோட்டை வாங்கினார். பையைப் பார்க்கவே இல்லை. மடங்கியிருந்த காலரை நிமிர்த்திவிட்டு, தோள்பட்டையில் ஒட்டியிருந்த தூசியைக் கையால் தட்டினார். பள்ளிக்கூடத்துக்குக் கிளம்புகிற பிள்ளைக்குச் செய்வதைப்போல.

"இதைப் பிரிக்கக் கூடாதும்மா," என்றார்.

"என் கோட்டு, என் பை, நான்தானே பிரிக்கச் சொல்றேன்."

"இது உன் கோட்டு இல்லை."

பின்னாலிருந்து சார் வந்து ஸ்டூலை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். நாங்கள் யார், எதற்காக வந்திருக்கிறோம் என்று சுருக்கமாகச் சொன்னார். அந்த அம்மா முகத்தில் ஒரு மாற்றமும் இல்லை. யாராவது வருவார்கள் என்று முந்தாநாளிலிருந்தே காத்திருந்திருக்கிறார்.

"மருந்துக்கடை அண்ணன் இருக்காரா?" என்று கேட்டார்.

"உயிருக்கு ஆபத்தில்லைன்னு டாக்டர் சொல்லிட்டார்."

கண்ணை மூடித் திறந்தார். பிறகு நிமிர்ந்து உட்கார்ந்து, "நான்தான் சார் செஞ்சேன். கூட்டிக்கிட்டுப் போங்க," என்றார்.

நான் சாரைப் பார்த்தேன். சார் கோட்டைப் பார்த்தார். அந்த அம்மா போட்டால் முழங்காலுக்குக் கீழே தொங்கும் கோட்டு அது.

"எதால செஞ்சீங்கம்மா?"

"கத்திரியாலதான். இங்கேர்ந்து எடுத்துக்கிட்டுப் போய்க் குத்திட்டேன்."

"எங்க குத்தினீங்க?"

"வயித்துல."

சார் மெதுவாகச் சொன்னார். "அவரை யாரும் குத்தலைம்மா. மண்டையிலதான் அடி. அங்கேயே கிடந்த ஷட்டர் கம்பியை எடுத்து அடிச்சிருக்கான்."

"குத்தலையா? ஊரெல்லாம் குத்திட்டான்னுதானே பேசிக்கிட்டாங்க."

"ஊர் ஆயிரம் பேசும். குத்தலை."

"கத்தி எதுவும் எடுத்துக்கிட்டுப் போகலையா?"

"கையில எதுவுமே இல்லாமத்தான் போயிருக்கான்."

அந்த அம்மா கோட்டை இழுத்து மடியில் போட்டுக்கொண்டார். ஒவ்வொரு பையாகத் தடவிப் பார்த்தார். "பையில ஒண்ணும் இல்லை," என்றார். "பையில ஒண்ணும் இல்லை சார். அதனாலதான் அந்த அண்ணன் பொழைச்சிருக்கார்." சொல்லிவிட்டு அழ ஆரம்பித்தார். ஒரு மனுஷனின் மண்டை உடைந்ததற்கு ஒருத்தி நிம்மதிப்பட்டு அழுவதை நான் அன்றைக்குத்தான் பார்த்தேன். எந்தக் கேலியும் என் வாயில் வரவில்லை.

*

கோட்டுக்குச் சொந்தக்காரன் அந்த அம்மாவின் மூத்த பிள்ளை. பள்ளிக்கூடத்தில் பக்கத்துப் பையனின் உள்ளங்கையில் காம்பஸ் முனையை இறக்கினான். எதற்குடா என்றால், அவன் கை அங்கே இருந்தது என்றானாம். வளர வளர அதுவும் வளர்ந்தது. வீட்டில் கத்தி வைப்பதை நிறுத்தினார்கள். கண்ணாடி டம்ளரை நிறுத்தினார்கள்.

"எப்பவும் அப்படி இல்லைம்மா," என்றார் என்னிடம். "ரெண்டு நாள் அப்படி இருப்பான். அப்புறம் வந்து என் மடியில தலையை வச்சுக்கிட்டு அழுவான். நான் ஏம்மா இப்படி இருக்கேன்னு கேப்பான். நான் என்னன்னு சொல்றது?"

"உங்க வீட்டுக்காரர்?"

"சின்னவளைக் கூட்டிக்கிட்டுப் போயிட்டார். ஒண்ணு அவன், இல்லை நாங்கன்னார். அவர் சொன்னது தப்பில்லை. தங்கச்சி கழுத்துல அவன் கை பட்டதை அவர் கண்ணால பார்த்தார். அவளுக்கு அப்பா இருக்கார், இவனுக்கு யார் இருக்கான்னு நான் இங்கேயே நின்னுட்டேன். இப்ப அவ என்கூடப் பேசறதில்லை."

பேசும்போது அவருடைய இடது கையைக் கவனித்தேன். இரண்டு விரல்கள் மடங்கவே இல்லை. நான் பார்ப்பதைப் பார்த்துவிட்டு, மெஷினில் மாட்டிக்கொண்டது என்றார். எந்த மெஷின் புறங்கையில் குறுக்காகக் கிழிக்கும் என்று நான் கேட்கவில்லை.

மருந்துக்கடை விஷயமும் அப்போதுதான் வெளியே வந்தது. டாக்டர் எழுதிக் கொடுத்த மாத்திரையை அவன் சாப்பிட மாட்டேன் என்றான். வயசு வந்த பிள்ளை, வற்புறுத்த முடியாது என்று டாக்டரும் கையை விரித்துவிட்டார். இவர் பழைய சீட்டைக் காட்டி மருந்துக்கடைக்காரரிடம் கெஞ்சினார். பாவப்பட்டு அவர் கொடுத்தார். இவர் பொடி பண்ணிச் சாப்பாட்டில் கலந்தார். பிள்ளை அமைதியானான், தூங்கினான், வேலைக்குக்கூடக் கொஞ்சநாள் போனான். முந்தாநாள் அம்மாவின் பையில் மாத்திரை அட்டை அவன் கண்ணில் பட்டுவிட்டது. அதை எடுத்துக்கொண்டு நேரே மருந்துக்கடைக்குப் போயிருக்கிறான்.

"அந்த அண்ணன் எனக்கு உதவி பண்ணினார். அதுக்குத்தான் அடி வாங்கினார்," என்றார். "அப்ப நான் அடிச்சேன்னு சொன்னதுல என்ன சார் பொய்?"

சார் மெஷினுக்குப் பின்னாலிருந்த பலகையைப் பார்த்துக்கொண்டிருந்தார். அங்கே இரண்டு சாப்பாட்டு டப்பா. ஒன்று கழுவிக் கவிழ்த்திருந்தது. இன்னொன்றைச் சூடு போகாமல் கெட்டித் துணியில் சுற்றி வைத்திருந்தார்.

"அது யாருக்கும்மா?"

அவர் துணியின் முடிச்சை இன்னும் இறுக்கினார்.

"இன்னைக்கு வருவானா?"

"ரெண்டு நாளா எங்க கிடக்கானோ தெரியாது. பசி தாங்க மாட்டான். கடையெல்லாம் மூட ஆரம்பிச்சதும் வருவான்னு தோணுது."

"மாத்திரை கலந்தது நீங்கதான்னு இப்ப அவனுக்குத் தெரியும்," என்றார் சார். "கொடுத்தவர்கிட்ட போயாச்சு. அடுத்து யார்கிட்ட வருவான்னு உங்களுக்குத் தெரியும்தானே?"

"என்கிட்டதான்."

எனக்கு ஆத்திரம் வந்துவிட்டது. "தெரிஞ்சே உட்கார்ந்திருக்கீங்களா? கடையைப் பூட்டிட்டு எங்கயாவது போக வேண்டியதுதானேக்கா?"

"பசியோட வருவானேம்மா," என்றார்.

பெத்த மனம் பித்து என்று சும்மாவா சொன்னார்கள். எனக்கு அவரைப் பிடித்து உலுக்க வேண்டும் போலவும் இருந்தது, காலில் விழ வேண்டும் போலவும் இருந்தது. அவர் சாரின் கையைப் பிடித்துக்கொண்டார். அவன் வந்து சாப்பிடட்டும், அதற்கப்புறம் நானே பேசி ஸ்டேஷனுக்குக் கூட்டிக்கொண்டு வருகிறேன், அதுவரைக்கும் யாரிடமும் சொல்லாதீர்கள் என்று கெஞ்சினார். டெலிவரி ஆளின் மனைவியைப் பற்றி நான் சொன்னதும், "ஐயோ, அந்தப் பொண்ணு என்ன பாவம் பண்ணிச்சு," என்று அதற்கும் அழுதார். ஆனால் பிடித்த கையை விடவில்லை.

"சரிம்மா," என்றார் சார்.

தண்ணீர் குடித்துவிட்டு வருகிறேன் என்று படியேறிப் போனார். திரும்பி வந்ததும் கோட்டை எடுத்து அந்த அம்மாவிடம் கொடுத்தார். "வெளிய குளிர் ஜாஸ்தி. சாப்பிட்டதும் இதைப் போட்டு விடுங்க." அந்த அம்மா கையெடுத்துக் கும்பிட்டார். எங்கள் சாருக்கும் ஈரமான நெஞ்சு உண்டு என்று நான் சந்தோஷப்பட்டேன்.

*

அளவு பார்க்கிற திரைக்குப் பின்னால் நானும் சாரும் ஒட்டிக்கொண்டு நின்றோம். கடைகள் ஒவ்வொன்றாக மூடுகிற சத்தம் கேட்டது. எதிரில் மாற்றுச் சாவி செய்கிறவரின் கடை பாதி ஷட்டரோடு இருட்டாகக் கிடந்தது. படியில் காலடி கேட்டது.

நான் ஏதோ ஒரு ராட்சசனை எதிர்பார்த்திருந்தேன். வந்தவன் உயரமான, ஒல்லியான, லட்சணமான பையன். மெல்லிய சட்டையில் வெடவெடவென்று நடுங்கிக்கொண்டிருந்தான். சட்டைப் பை, பேண்ட் பை எல்லாவற்றின் வாயும் தைத்திருந்தது. அதனால்தானோ என்னவோ, உடைந்த கண்ணாடித் துண்டு ஒன்றைத் துணி சுற்றிக் கையிலேயே பிடித்திருந்தான். சாரின் கை என் மணிக்கட்டை இறுக்கியது.

"என் சாப்பாட்டுல என்ன கலந்தே?" என்றான்.

"தூக்கத்துக்குடா."

"எவ்வளவு நாளா?"

"ரொம்ப நாளா."

கிட்டே வந்தான். "உன் மடியில படுத்துக்கிட்டு அழுதேனே. வேலைக்குப் போறேம்மா, இனிமே சரியா இருக்கேன்னு சொன்னேனே. அதெல்லாம் நானா, மாத்திரையா?"

"நீதான்டா. மாத்திரைக்கு அழத் தெரியுமா?"

"பொய் சொல்லாதே."

கண்ணாடி முனை அவர் தொண்டைக்கு நேராக வந்தது. நான் திரையைப் பிடித்தேன், சார் விடவில்லை. அந்த அம்மா பின்னால் நகரவே இல்லை. குனிந்து டப்பாவை எடுத்துத் துணியைப் பிரித்தார். மூடியைத் திறந்து ஒரு வாய் எடுத்துத் தன் வாயில் போட்டுக்கொண்டு, அவன் முகத்தைப் பார்த்தபடியே மென்று விழுங்கினார்.

"இதுல ஒண்ணும் கலக்கலை. பாரு," என்றார். இன்னொரு வாயும் சாப்பிட்டுக் காட்டினார்.

அவன் பார்த்துக்கொண்டே நின்றான். பசிதான் ஜெயித்தது. கண்ணாடியை மெஷின் பலகையில் வைத்துவிட்டு, டப்பாவை வாங்கி நின்றபடியே அள்ளி அள்ளித் தின்றான். அவர் கண்ணாடியைத் தொடக்கூட இல்லை. மெதுவாடா, விக்கிக்கப் போகுது என்று முதுகைத் தடவிக்கொண்டிருந்தார்.

"குளிருதும்மா," என்றான் பாதியில்.

அவர் கோட்டை விரித்துப் பிடித்தார். அவன் டப்பாவை வைத்துவிட்டு, சின்னப் பையன் மாதிரி முதுகைத் திருப்பிக்கொண்டு இரண்டு கையையும் பின்னால் நீட்டினான். ஒரு கை நுழைந்தது. இன்னொரு கையும் நுழைந்தது. கோட்டு தோளுக்கு ஏறும் முன்னே, எதிர்க் கடையின் பாதி ஷட்டருக்கடியிலிருந்து இன்ஸ்பெக்டரும் இரண்டு போலீஸ்காரர்களும் பாய்ந்து வந்து அவனைக் கீழே தள்ளிவிட்டார்கள். கை இரண்டும் கோட்டுக் கையில் சிக்கிக்கொண்டதால் அவனால் ஒன்றும் செய்ய முடியவில்லை. நெஞ்சே வெடிக்கிற மாதிரி கத்தினான். நானும் சாரும் திரையை விலக்கிக்கொண்டு வெளியே வந்தோம்.

எனக்கு அப்போதுதான் உறைத்தது. தண்ணீர் குடிக்கப் போனது இன்ஸ்பெக்டருக்குப் போன் பண்ண. கோட்டைக் கொடுத்தது அவன் கையைச் சிக்க வைக்க. பிள்ளையையும் கிள்ளிவிட்டுத் தொட்டிலையும் ஆட்டுகிற வேலை.

"சரின்னு சொன்னீங்களே சார்," என்றேன்.

"சொன்னேன்."

"அந்தம்மா உங்களைக் கும்பிட்டாங்களே."

சார் பலகையிலிருந்த கண்ணாடித் துண்டைப் பார்த்தார்.

அவனைத் தூக்கி நிறுத்தினார்கள். கத்தலை நிறுத்திவிட்டு ஒவ்வொருவர் முகமாகப் பார்த்தான். என்னைப் பார்த்தபோது நான் சாருக்குப் பின்னால் ஒதுங்கினேன். பார்வை சார் மேல் போய் நின்றது. அங்கிருந்து நகரவில்லை.

"யார் சொன்னது?" என்றான்.

செய்ததை மறைக்கிற பழக்கம் சாருக்கு இல்லை, எதிராளி யாராக இருந்தாலும். வாயைத் திறந்தார்.

"நான்தான்டா," என்றார் அந்த அம்மா.

அவன் திரும்பினான். "நீயா? நீ சொல்லியிருக்க மாட்டே."

"நான்தான் போலீஸ்ல சொன்னேன். சாப்பாடு வச்சிருக்கேன், வருவான்னு சொன்னேன். ரெண்டு கையும் கோட்டுக்குள்ள போன பிறகு பிடிங்கன்னு சொன்னதும் நான்தான். இவங்களுக்கெல்லாம் ஒண்ணும் தெரியாது. கோட்டை உனக்கு யார் போட்டு விட்டா? நான்தானே."

குரல் நடுங்கவே இல்லை. தான் அழுதால் அவன் நம்ப மாட்டான் என்று அவருக்குத் தெரியும். கொஞ்சம் கொஞ்சமாக அவன் முகம் அதை நம்புவதை நாங்கள் எல்லோரும் நின்று பார்த்தோம்.

"நான் ஒருநாள் வெளிய வருவேன்," என்றான். "முதல்ல உன்கிட்டதான் வருவேன்."

"வா," என்றார். "என்கிட்டயே வா. வேற யார்கிட்டயும் போகாதே."

அவனை இழுத்துக்கொண்டு படியேறினார்கள். டெலிவரி ஆளை இப்போதே விட்டுவிடுகிறோம் என்று இன்ஸ்பெக்டர் என் காதில் சொன்னார். நான் அந்த ஆளின் மனைவிக்குப் போன் போட்டுச் சொன்னேன். அந்தப் பெண் சந்தோஷத்தில் பேச முடியாமல் அழுதது. நான் வைத்துவிட்டேன்.

சார் அந்த அம்மாவுக்கு முன்னால் போய் நின்றார். "ஏம்மா அப்படிச் சொன்னீங்க? வாக்குத் தவறினது நான்."

"அவன் மனசுல ஒரு முகம் விழுந்துட்டா அழியாது சார். எத்தனை வருஷம் ஆனாலும் தேடிக்கிட்டு வருவான்." அவர் சாரின் முகத்தைக்கூடப் பார்க்கவில்லை. மேலே போகிற காலடிகளையே கேட்டுக்கொண்டிருந்தார். "உங்களுக்குக் குடும்பம் இருக்கும். என் முகமா இருந்துட்டுப் போகட்டும்."

சார் முகத்தைத் திருப்பிக்கொண்டார். இத்தனை வருஷத்தில் அவர் அழுது நான் பார்த்தது அன்றைக்குத்தான்.

திடீரென்று அந்த அம்மா எழுந்து படிக்கட்டுக்கு ஓடினார். நானும் பின்னால் ஓடினேன். மேல் படியில் இன்ஸ்பெக்டர் திரும்பி நின்றார். பிள்ளையை அதற்குள் வாசலுக்குக் கொண்டுபோய்விட்டார்கள்.

"சார், ஒரே ஒரு விஷயம்," என்றார், மூச்சு வாங்க. அவன் காதில் விழுந்துவிடக் கூடாது என்று குரலைத் தாழ்த்திக்கொண்டார். "அவனுக்கு இருட்டுன்னா பயம். சின்னதுலேர்ந்தே அப்படித்தான். ராத்திரி லைட்டை மட்டும் அணைச்சுடாதீங்க."

இன்ஸ்பெக்டர் தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டார். "அங்க ராத்திரி பூரா லைட்டு எரியும்மா."

"அப்ப தூங்கிடுவான்," என்றார் அந்த அம்மா.